படகில் எடுத்த கடைசி ஷாட்

ஜிஹாங்கிர், இஸ்தான்புல்
11 நவம்பர் 1998

மெப்ரூரெ ஹனிமுக்கு ஷாகிர் எழுதுவது.

கொலோனில் நீயும் உன் தங்கையும் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இருபத்தொன்பது வருடங்களில் இதுதான் என் முதல் கடிதம். எழுத வேண்டியவள் நீ என்றே இருந்துவிட்டேன். ஒரு வார்த்தை சொல்லாமல் கணவனை விட்டுப் போனவள் நீதானே.

ஒரு காரியமாக எழுதுகிறேன். நான் முதன்முதலாக இயக்கிய, நீ நடித்த அந்தப் படகுப் படத்தைக் காப்பகத்தார் சுத்தம் செய்து புதுப் பிரதி எடுத்திருக்கிறார்கள். காட்சிகள் பிழைத்துவிட்டன, ஒலி அழிந்துவிட்டது. குரல்களைப் புதிதாகப் பதிவுசெய்ய இந்த மாதத்துக்குள் என் சம்மதம் வேண்டுமாம்.

குரலே வேண்டாம், என் படத்துக்கு வெளிச்சம் போதும் என்று சொல்லிவிட்டேன். என்னைத் தெரியுமே உனக்கு. கேமரா பாட்டரி சுமக்கும் பையனாக இருந்துகொண்டே, யாரிடமும் பாடம் கேட்காமல், சிகரெட் பெட்டியின் வெள்ளித்தாளைப் பலகையில் ஒட்டி வெளிச்சத்தைத் திருப்பப் பழகியவன். அறுபத்துநான்கு படங்களுக்குக் கேமரா பிடித்த பிறகு, இயக்க வாய்ப்புக் கேட்டபோது தயாரிப்பாளர் என்ன சொன்னார்? "கேமராக்காரன் டைரக்டர் ஆனா மேகம்தான்டா ஹீரோ!" அந்த வீம்பில்தான் கேமராவையும் நானே பிடித்தேன். எட்டுப் பெட்டி பிலிமில் முழுப் படத்தையும் முடித்தேன். அதற்குப் பிறகு எட்டுப் படம் இயக்கியும் அதைப்போல ஒன்று அமையவில்லை.

டீ ஆறிவிட்டது. இதுவரை எழுதுவதற்குள் மூன்று முறை ஜன்னலுக்குப் போய் வந்தேன். காலையிலிருந்து தெற்குக் காற்று, படகுகள் ஓடவில்லை.

என் பிடிவாதத்தை நிரூபிக்க, காது கேளாதோர் சங்கத்தில் படத்தைப் போடச் சொன்னேன். வசனத் தாளையும் கொடுத்திருந்தார்கள். முடிந்ததும் எல்லோரும் என் கையைப் பிடித்துக் குலுக்கினார்கள். பெல்கிஸ் என்ற தையற்காரப் பெண்மணி மட்டும் வசனத் தாளில் கடைசி வரியை அடித்துவிட்டு, பக்கத்தில் எழுதி நீட்டினாள்.

தாளில் இருந்தது, 'போய் வாருங்கள், காத்திருப்பேன்.' அவள் உன் உதட்டிலிருந்து படித்து எழுதியது: "ஷாகிர், நான் இன்னிக்குப் போறேன். அந்தக் கேமராக் கண்ணாடியிலேர்ந்து கண்ணை எடுத்து ஒரு தடவை என்னைப் பாரு."

படத்தில் கதாநாயகன் பெயர் ஷாகிர் இல்லை.

நான் நம்பவில்லை. கடைசி ஷாட் எடுத்த அன்று படகில் உனக்கு வசனம் எடுத்துக்கொடுத்த ருக்னெத்தினைத் தேடி உஸ்குதார் போனேன். உயிரோடுதான் இருக்கிறான். "கேட்டுச்சு அண்ணே," என்றான். "அவங்க வேற என்னமோ பேசினாங்க. எப்படியும் டப்பிங்ல வேற பொம்பளை பேசப்போறா, அதுல சரி ஆயிடும்னு விட்டுட்டேன்." எனக்கு ஏண்டா சொல்லவில்லை என்று கத்தினேன். "நீங்கதான் 'ஆஹா, கன்னத்துல என்ன வெளிச்சம்!'னு குதிச்சீங்களே" என்றான்.

குதித்தேன்தான். கேமரா இரைச்சலில் எனக்கு எதுவும் கேட்கவில்லை. சாயங்காலம் வீட்டில் உன் பெட்டி இல்லை. அன்றிலிருந்து பார்ப்பவரிடமெல்லாம் சொல்லி வந்திருக்கிறேன், ஒரு வார்த்தை சொல்லாமல் போனாள் என்று. இந்தக் கடிதத்தின் தொடக்கத்திலும் எழுதியிருக்கிறேன். அடிக்க மாட்டேன், அப்படியே இருக்கட்டும். காதில் விழாத இடத்தில் சொன்னது உன் தப்பு. மற்றது என்னுடையது.

மற்றவர்களின் குரல்களைப் பதிவுசெய்யச் சம்மதித்துவிட்டேன். அந்தக் கடைசி ஷாட்டுக்கு மட்டும் இன்னொரு பெண் பேசக் கூடாது என்று எழுதிக் கொடுத்திருக்கிறேன். நீ வந்தால் நீ சொன்னதையே சொல், தாளில் இருப்பதை வேண்டாம். வராவிட்டால் அந்த இடம் ஊமையாகவே இருக்கும்.

குளிர்காலம் வருகிறது, உன் நெஞ்சுச் சளியைப் பார்த்துக்கொள். அல்லாஹ் உனக்கு நீண்ட ஆயுளைத் தரட்டும். ஒலிப்பதிவு அறை சின்னது. இரண்டு நாற்காலிதான் போட முடியும். அங்கே கேமரா கிடையாது.

ஷாகிர்