கப்பல் ஊதிய இடத்தில் உன் குரல்

என் வாயாடித் தங்கச்சி வசந்திக்கு,

உன் கடைசிப் படம் நேற்று நம் திருகோணமலையில் ஓடியது. உன் குரலிலேயே ஓடியது. அதை முதலில் சொல்லிவிட்டால்தான் எனக்கு மூச்சு வரும்.

நீ போன பிறகு, கொழும்பிலிருந்து இயக்குநர் சுகந்தன் வீட்டுக்கு வந்தார். ஆட்டுக்கு அடையாள அட்டை கேட்டு அலையும் விதவையாக, இறங்குதுறையில் அதிகாரியோடு நீ வாதாடுவாயே, அந்தக் காட்சியின் நடுவில் கப்பல் ஊதிவிட்டதாம். "வேற குரல் போடுவம் அண்ணை. சென்னையில நல்ல பிள்ளை ஒண்டு இருக்கு" என்றார்.

"அவளுக்கு எங்கட ஊர்ப் பேச்சு வருமே?" என்று நான் கதிரையை விட்டு எழும்பிவிட்டேன். ஆளைத்தான் பறிகொடுத்தோம், குரலையும் கொடுக்க வேண்டுமா?

பெரிய படக்காரர் எவரும் உன்னைக் கூப்பிட்டதில்லை. இரவல் கமராவோடு வந்த இளைஞர்கள்தான் கூப்பிட்டார்கள். தன் கலியாணத்துக்கே பிந்தி வரும் மணமகள், செத்தவரோடு சண்டைக்குப் போகும் அயல்வீட்டுக்காரி என்று எல்லாமே கோணல் வேடங்கள். சித்தப்பா சபையில் உன்னைக் 'கச்சேரியில அரசாங்க உத்தியோகம்' என்றே சொல்லிவந்தார். உன் செத்தவீட்டில் மட்டும் 'எங்கட கலைஞர்' என்றார். இரண்டையும் நான் மன்னிக்கவில்லை.

"ஊதினாலும் பரவாயில்லை, ஒருக்காப் போட்டுக் காட்டும்" என்றேன். காட்டினார்.

"அவன் ஆடுதான் ஐயா..." என்கிறாய். கப்பல் ஊதுகிறது. விரலை உயர்த்தியபடி அப்படியே நிற்கிறாய். அதிகாரியாக நடித்த நிலாவெளிக்காரரும் முத்திரைக் கட்டையைத் தூக்கியபடி நிற்கிறார். ஊதி முடிகிறது. "ஆனா, இந்த மண்ணில பிறந்தவன்."

"அக்கா வசனத்தை மறந்திட்டா எண்டெல்லோ நினைச்சனான்" என்றார் சுகந்தன்.

"கப்பல் ஊதயிக்க ஆர் கதைப்பான்? இங்க பிள்ளைகூட அழுகையை நிப்பாட்டிப்போட்டுத்தான் பிறகு அழும்."

அவர் காட்சியை இன்னொருமுறை ஓடவிட்டுப் பார்த்தார். பிறகு, அதை அப்படியே வைப்பதாகச் சொன்னார். இருந்தாலும், நேற்று திரையில் பார்க்கும்வரை நான் நம்பவில்லை.

கப்பல் ஊதியபோது மண்டபமே அடங்கியது. முன்வரிசையில் ஒரு கிண்ணியாக்காரர் திரையைப் பார்த்து, "பொறுங்க பிள்ள, முடியட்டும்" என்றார். நீ பொறுத்தாய். பிறகு வாய் திறந்தாய். எழுந்த சிரிப்பில் அடுத்த வசனம் எவருக்கும் கேட்கவில்லை. சித்தப்பாவுக்குச் சிரித்துப் புரையேறியது. என் கையில் தண்ணீர்ப் போத்தல் இருந்தது. நான் கொடுக்கவில்லை.

ஒன்று மட்டும் தெரியவில்லை. நீ வேண்டுமென்றேதான் நின்றாயா, பழக்கத்தில் நின்றாயா? இனி யாரிடம் கேட்பது?

படம் அடுத்து கொழும்புக்குப் போகிறது. சத்தத்தைத் துப்புரவாக்குகிறோம் என்று அங்கே யாராவது கிளம்பலாம். நானும் கூடப் போகிறேன். உன் சொல் ஒன்றைக்கூட இன்னொருத்தி வாயில் வைக்க விடமாட்டேன்.

கோபம் ஆறாத, ஆனால் நேற்று நன்றாக நித்திரை கொண்ட,
உன் அண்ணன்