இரண்டாவது தடவை போட்ட டீ

ஏங்க,

ஃபிளாஸ்க்ல டீ இருக்கு. ஆப்பிள், இஞ்சி, ஒரு துண்டு பட்டை, ஆரஞ்சுத் தோல் போட்டுக் கொதிக்க வெச்சது. முதல்ல போட்டதைக் கொட்டிட்டேன். ஏதோ நினைப்புல நின்னுட்டேன், தோல் அதிகமாக் கொதிச்சுக் கசந்துபோச்சு. குடிக்கும்போது தேன் கலந்துக்கோங்க.

டிரைவிங் ஸ்கூலுக்கு போன் பண்ணி உங்களுக்கு லீவு சொல்லிட்டேன். நாள் முழுக்க "பிரேக், பிரேக்"னு கத்தினா தொண்டை கட்டாம என்ன செய்யும்?

பி.கு.: பஸ் ஸ்டாப் வரைக்கும் போயிட்டுத் திரும்பி வந்து இதை எழுதறேன். நீங்க இன்னும் தூங்கறீங்க. வேற ஊர் கிளைக்கு மாறச் சம்மதம்னு உங்களைக் கேக்காம ஆபீஸ்ல சொன்னது என் தப்புதான். நேத்து அதைச் சொன்னதுலேர்ந்து நீங்க வாயே திறக்கல. கேட்டா தொண்டையைத் தொட்டுக் காட்டறீங்க. அது தொண்டையா, கோபமான்னு தெரியாம எனக்கு இருப்புக் கொள்ளல.

இன்னொண்ணு: பதினோரு மணிக்கு போன் பண்றேன். நீங்க பேச வேண்டாம். வெறும் தொண்டைதான்னா டம்ளர்ல ஸ்பூனால ஒரு தட்டு தட்டுங்க. கோபமும் இருக்குன்னா ரெண்டு தட்டு.

போனை எடுக்காம மட்டும் இருந்துடாதீங்க.