பொய்த் தளபதியின் உத்தரவு

பிராக், செப்டம்பர் 1968

அன்புள்ள அம்மாவுக்கு,

ஹெட்விகா எழுதுவது. நான் நலம். உங்கள் மூட்டுவலி தேவலையா?

பயப்படாதீர்கள், சிரிக்கத்தான் இதை எழுதுகிறேன். நான் உடையலங்காரம் செய்யும் நகைச்சுவைப் படத்தில் ரஷ்யத் தளபதியாக நடிக்கும் காமில், நான் குத்திவிட்ட தகரப் பதக்கங்களோடு நேற்றுக் காலை வேடத்தைக் கலைக்காமலே தெருவில் இறங்கிவிட்டார். நானும் பின்னால் ஓடினேன். போன மாதம் ஊருக்குள் புகுந்த ரஷ்ய டாங்கிகளில் ஒன்று மூடுபனிக்குள் கப்பல்போல மிதந்து நின்றது. அதன்மேல் இருந்த சிப்பாய் இவரை நிஜமென்று நம்பி சல்யூட் அடித்தான்.

"இங்க என்னப்பா வேலை? வீட்டுக்குக் கிளம்பு" என்றார் காமில், அவன் மொழியிலேயே.

"நிஜமாவா ஐயா? எல்லாரும் போலாமா?" என்றான். அவன் கண் கலங்கியிருந்தது.

எதற்கும் வாயடிக்கும் காமில், தொப்பியைக் கழற்றிக்கொண்டு திரும்பிவிட்டார். நேற்றுப் படப்பிடிப்பே நடக்கவில்லை.

என் கம்பளிக் காலுறைகளை எடுத்து வையுங்கள், அறை குளிர்கிறது. தபால் எடுக்கும் நேரமாகிவிட்டது. ரயில் ஓடினால் ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வருகிறேன். கதவைத் தாழிடாதீர்கள்.

மகள்,
ஹெட்விகா