மூன்றாம் ஓலை

குருண்
22.4.1981

அன்புத் தங்கச்சி கேதரினுக்கு,

நீயும் அம்மாவும் சுகம்தானே? ஈஸ்டருக்கு ஒரு வரிகூட எழுதவில்லை நீ. எனக்கு இங்கே நாள் நல்லபடியாகப் போகவில்லை.

என்னோடு தங்கியிருக்கும் ரமணியை உனக்குத் தெரியும். உன் நீல ரவிக்கையைத் தைத்தவள். போன செவ்வாய்க்கிழமை பஸ் ஸ்டாண்டில் ஆணாய்ப் பிறந்து சேலை கட்டும் எங்கள் ஆட்கள் ஐந்து பேரைப் போலீஸ் பிடித்துப்போனது. நாலு பேரை மொட்டையடித்து விட்டுவிட்டார்கள். ரமணி மட்டும் பொம்பளை லாக்கப்பில்தான் இருப்பேன் என்று சொல்லியிருக்கிறாள். அடித்து, இருபது ஆண்களோடு போட்டார்கள். இப்போது ஆஸ்பத்திரியில், ஆண்கள் வார்டில், ஒரு கையைக் கட்டிலோடு விலங்கிட்டுக் கிடக்கிறாள். சிறுநீரில் ரத்தம் போகிறது. கொஞ்சம் தேறினால் மறுபடி அதே லாக்கப்.

அவளை ஜாமீனில் எடுக்கச் சேலையிலேயே ஸ்டேஷனுக்குப் போனேன். "பொண்டானுக்குப் பொண்டான் ஜாமீனா, பொம்பளை வேஷக்காரனுங்களா?" என்று சிரித்தார்கள். என் பட்டாளப் புத்தகத்தை நீட்டினேன். இன்ஸ்பெக்டர் எழுந்து நின்றார். படத்தையும் என் முகத்தையும் மாறிமாறிப் பார்த்தபின் உட்கார்ந்துவிட்டார்.

வக்கீல் மனோகரன் மனு எழுதித் தருகிறார். எங்கள் பெயர்களைப் போட்டால் குப்பைக்குத்தான் போகுமாம். "கோப்ரல் ஏசுதாசன்னு படை நம்பரோட போடுங்கக்கா. போட்டோவோட பத்திரிகையில வரட்டும். அப்புறம் கை வைக்க யோசிப்பானுங்க" என்கிறார். அந்தப் பெயரைக் கேட்டாலே எனக்கு உடம்பு கூசும். ஆனால் எட்டு வருஷம் எல்லைக் காட்டில் கிடந்தது அந்தப் பெயர்தான். முப்பதாம் தேதி கையெழுத்துப் போடுகிறேன்.

அம்மாவை முட்டியில் தைலம் தேய்க்கச் சொல்.

உன் அக்கா,
பிரிஜெட்

*

புக்கிட் செலம்பாவ்
26.4.1981, ஞாயிறு

அன்புள்ள அண்ணனுக்கு,

இதைப் படித்ததும் என்னைத் திட்டுவீர்கள். திட்டுங்கள். ஆனால் கையெழுத்து மட்டும் போடாதீர்கள்.

எனக்குக் கல்யாணம். மாப்பிள்ளை வால்டர், கரங்கான் பக்கம் தோட்டத்து லாரி ஓட்டுகிறார். இன்று மாதா கோயிலில் முதல் கல்யாண ஓலை வாசித்தார்கள், மூன்று ஞாயிறு வாசிக்க வேண்டும். மே மாதம் பதினாறாம் தேதி தாலி கட்டு. உங்களிடம் சொல்லாததற்குக் காரணம் இருக்கிறது. நீங்கள் 1977-இல் எல்லையில் இறந்துவிட்டதாக அவர்களிடம் சொல்லியிருக்கிறேன்.

நாலு வருஷத்துக்கு முன்னால் பெண் பார்க்க வந்தவர்களிடம் அம்மா உண்மையைச் சொன்னார்கள். காப்பியைத் தொடாமல் போனார்கள். இந்த முறை அம்மா வாய் திறக்கும் முன் நானே சொல்லிவிட்டேன். வால்டரின் அப்பா எழுந்து நின்று சிலுவை போட்டுக்கொண்டார். என்னை அப்படி மரியாதையாக யாரும் பார்த்ததில்லை அண்ணா.

ஓலை வாசித்து முடித்ததும் சாமியார், தடை ஏதும் தெரிந்தவர்கள் சொல்லலாம் என்றார். அந்த நேரம் வாசலைத் திரும்பிப் பார்த்தேன். எனக்கு முப்பத்தொரு வயது. பதினாலு வயதிலிருந்து தோட்டத்தில் ரப்பர்ப் பால்மரம் வெட்டுகிறேன். மே பத்தாம் தேதி மூன்றாம் ஓலை. அதுவரை பொறுங்கள். உங்கள் காலைப் பிடிக்கிறேன்.

கேதரின்

*

குருண்
29.4.1981

கேதரினுக்கு,

அவனைக் கொன்றதற்காக உன்மேல் கோபமில்லை. நானே பல தடவை முயன்றவள்தான். எப்படிச் செத்தேன் என்று சொன்னாய், கண்ணிவெடியிலா? நல்ல சாவாகச் சொல்லியிருப்பாய் என்று நம்புகிறேன்.

மனுவை நிறுத்தச் சொன்னேன். மனோகரன் என் முகத்தைப் பார்க்காமல், "ரெண்டு வாரம் அவ தாங்குவாளாக்கா?" என்று கேட்டார்.

வார்டில் அவள்மேல் ஆரஞ்சுத் தோலை எறிகிறார்கள். மூத்திரச் சட்டி கேட்டால் சிப்பந்தி காது கேட்காதவன்போலப் போகிறான். நான் போனால்தான் உண்டு. உன் கல்யாணத்தைச் சொன்னேன். சிரித்தாள். "தங்கச்சி கல்யாணம்லா, இருக்கட்டும்க்கா. நான் எங்க ஓடப்போறேன், கையத்தான் கட்டி வச்சிருக்கானுங்களே" என்றாள்.

மே பத்தாம் தேதி வரைதான். அதற்கு மேல் என்னிடம் கேட்காதே.

உன் அக்கா,
பிரிஜெட்

*

புக்கிட் செலம்பாவ்
4.5.1981

அன்புள்ள அண்ணனுக்கு,

இரண்டாம் ஓலையும் தடையில்லாமல் முடிந்தது. நீங்கள் செய்ததை மறக்கமாட்டேன். சேலை எடுத்தாயிற்று, வெள்ளையில் சரிகை. கூடத்தில் மாட்ட வால்டர் உங்கள் படம் கேட்டார். அம்மா யூனிபோர்ம் படத்தைக் கொடுத்தார்கள்.

கல்யாணத்துக்கு வரவேண்டாம் அண்ணா. ஒரு வருஷம் போகட்டும். அம்மா வழிச் சொந்தம் என்று சொல்லிக் கூப்பிடுகிறேன், அப்போது சேலையிலேயே வாருங்கள். ரமணிக்கு ஒரு பால்மாவு டின் கொடுத்தனுப்பியிருக்கிறேன். வெந்நீரில் கரைத்துக் கொடுங்கள்.

கேதரின்

*

குருண்
11.5.1981

கேதரினுக்கு,

பால்மாவு வெள்ளிக்கிழமை சாயங்காலம் வந்தது. ரமணி அன்று மத்தியானமே போய்விட்டாள். விலங்கை அதற்கப்புறம்தான் கழற்றினார்கள்.

உடலைக் கேட்டேன். நீ யார் என்றார்கள். அக்கா என்றேன். அடையாளக் கார்டில் பழனியாண்டி, ஆண் என்றிருக்கிறது, ரமணி என்று இங்கே யாரும் சாகவில்லை என்றார்கள். அவளுடைய அண்ணனுக்கு ஆள் அனுப்பினேன். தனக்குத் தம்பியே கிடையாது என்று சொல்லிவிட்டான். இன்னும் பிண அறையில்தான் கிடக்கிறாள்.

நேற்று உன் கோயிலுக்கு வந்திருந்தேன். பெண்கள் பக்கம், கடைசி வரிசை, தலையில் முந்தானை. மூன்றாம் ஓலை வாசித்ததும் எழுந்து, நான்தான் தடை என்று சொல்ல வந்தேன். அப்படி நினைத்து வந்தது பொய்யில்லை.

பூசை தொடங்கும் முன் சாமியார் சொன்னார், இன்றைய பூசை எல்லையில் உயிர்விட்ட ஏசுதாசன் ஆன்ம இளைப்பாற்றிக்காக மாப்பிள்ளை வீட்டார் ஒப்புக்கொடுப்பது என்று. நீ அழுதாய். அம்மாவும் அழுதார்கள். பக்கத்திலிருந்த பெண் என்னிடம், "சின்ன வயசாம், பாவம்" என்றாள். ஆமாம் என்றேன். வால்டர் தலை குனிந்து, பார்த்தே இராத மச்சானுக்காக முணுமுணுத்துக்கொண்டிருந்தான். எனக்கு அந்தப் பூசை எதற்கு? ரமணிக்கு என்று மனதில் சொல்லிக்கொண்டேன். அவள் மாரியம்மனைக் கும்பிடுகிறவள், ஆனால் யார் கொடுத்தாலும் வாங்கிக்கொள்வாள். ஓலை வாசித்தார்கள். நான் எழுந்திருக்கவில்லை.

இன்று காலை மனுவில் கையெழுத்துப் போட்டேன். உடலைக் கேட்டு, அடித்தவர்கள்மேல் விசாரணை கேட்டு. தாலி ஏறும்வரை பொறுக்கலாமே என்று நினைப்பாய். பிணம் ஐந்து நாள் பொறுக்காது. நான் உனக்குக் கொடுத்த இரண்டு வாரம் அவளுடையது. அதற்காக உன்னைச் சபிக்கவும் முடியவில்லை, என்னை மன்னிக்கவும் முடியவில்லை.

வியாழக்கிழமைப் பத்திரிகையில் வருகிறது. யூனிபோர்மில் ஒன்று, சேலையில் ஒன்று, இரண்டு படமும். தபால் தாமதமாகும் என்று இதைப் பஸ்காரரிடம் கொடுத்தனுப்புகிறேன். புதன்கிழமைக்குள் வால்டரிடம் நீயே சொல்லிவிடு. அவன் டீக்கடையில் படித்துத் தெரிந்துகொள்ளக் கூடாது.

பிரிஜெட்