கரைவலைக் குழுவில் உன் பங்கு

இன்று காலை தங்கச்சியின் குழந்தையைக் குளிப்பாட்டித் துவட்டிவிட்டுப் பவுடர் டப்பாவைத் திறந்தேன். அந்த வாசனை மூக்கில் ஏறியதும் என் பெருவிரல்கள் இரண்டும் தாமாகவே துடிக்கத் தொடங்கின. வேறு யாரிடமும் இதைச் சொல்ல முடியாது. சொன்னால் பேய் பிடித்ததென்று தண்ணீர் ஓதித் தருவார்கள். உனக்கு மட்டும் விளங்கும்.

போன் கேமில் சண்டை சூடாகும்போது வேர்வையில் விரல் வழுக்கும். குழந்தைப் பவுடரைப் பெருவிரலில் தடவினால் வழுக்காது என்று கண்டுபிடித்தவள் நீதான். "சண்டைக்குப் போறவன் வாளைத் தீட்டுவான், நாங்க வெரலைத் தீட்டுவம் மச்சி" என்பாய். உன் கடைசிப் பிள்ளை பள்ளிக்கூடம் போன பிறகும் உங்கள் வீட்டில் மாதாமாதம் பவுடர் டப்பா தீர்ந்துகொண்டிருந்ததன் மர்மம் உன் மாப்பிள்ளைக்குக் கடைசிவரை பிடிபடவில்லை.

குழந்தையைத் தங்கச்சியிடம் கொடுத்துவிட்டுப் போனைப் பார்த்தேன். புதிய சீசன் இன்று தொடங்குகிறது என்று அறிவித்தல் வந்து கிடந்தது. நீ மவுத்தான பிறகு நான் அந்தக் கேமைத் திறக்கவே இல்லை. நீ கட்டிய குழு நீ இல்லாமல் கலைந்து போயிருந்தால் அதைக் கண்ணால் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை. அதனால் திறக்காமல், தையல் மெஷினில் போனைச் சாய்த்து வைத்துவிட்டு, உனக்கு எழுதிக்கொண்டிருக்கிறேன். ஒரு மணப்பெண்ணின் பிளவுஸ் கை வைக்கப்படாமல் பக்கத்தில் கிடக்கிறது. அவள் வந்தால் உன் பெயரைச் சொல்லித் தப்புவேன்.

எப்படித் தொடங்கியது என்று நினைவிருக்கிறதா? சோளகக் காற்றில் கடல் கொந்தளிக்கும் மாதங்கள். கற்பிட்டிக் கடலில் வெள்ளைக்காரர்கள் பட்டத்தில் தொங்கிக்கொண்டு பறப்பார்கள். மாம்புரியில் உன் வாப்பாவின் கரைவலை கடலோர வாடிக் குடிலுக்குள் சுருண்டு கிடக்கும். உன் மூத்தவன் போனில் ஏற்றிவைத்துச் சலித்துப்போய் விட்ட கேமை நீ எடுத்தாய். அன்று பின்னேரமே எனக்கு அழைப்பு வந்தது.

"மச்சி, இதில ஒரு பொம்புள கோடரியோட தனியா நிக்கிறா. சுத்திவரப் பேய். பாவமா இரிக்கி. நீயும் வா."

வந்தேன். நீ கோடரிக்காரி, நான் வில்காரி. தூரத்தில் நின்று அம்பு விடுவதுதான் என் வேலை. "நேர்லயும் நீ அப்பிடித்தானே, எட்ட நிண்டு கதைச்சிட்டுப் போயிருவாய்" என்று சொல்லிச் சிரித்தாய். மதியம் ளுஹர் தொழுதுவிட்டு, பிள்ளைகள் பள்ளிக்கூடத்தால் வருவதற்கு முன் உன் வீட்டுக் கிணற்றடித் தென்னையின் கீழ் இரண்டு கதிரைகளைப் போட்டுக்கொண்டு உட்காருவோம். சிக்னல் அங்கேதான் நன்றாக வரும்.

கேமின் கதை முடிந்த நாளில் நீ பெருநாளுக்குச் செய்வதுபோல் இனிக்க இனிக்க வட்டலப்பம் செய்தாய். கடைசி அரக்கன் விழுந்து, நாடு விடுதலையாகி, திரையில் பூ மழை பெய்ததும், "அல்ஹம்துலில்லாஹ், ஒரு வேலை முடிஞ்சி" என்று சொல்லிவிட்டுக் குசினிக்குப் போனவள், அக்கம் பக்கத்து வீடுகளுக்கெல்லாம் கிண்ணம் கிண்ணமாக அனுப்பினாய். என்ன விசேஷம் என்று கேட்டவர்களுக்கு, "ஒரு நல்ல காரியம்" என்று மட்டும் சொன்னாய். பாதிப் பேர் உன் மகளுக்கு மாப்பிள்ளை பார்த்தாகிவிட்டது என்று முடிவுகட்டிவிட்டார்கள்.

அடுத்த நாள் கேமைத் திறந்தால் ஒரு பெரிய வரைபடம். அது முழுக்கக் கதவுகள். ஒரு கதவுக்குள் போய் அடித்து வென்றால் இன்னும் இரண்டு கதவுகள் திறக்கும். கதை எதுவும் இல்லை. நான் தேடி வாசித்துப் பார்த்துவிட்டு உனக்குச் சொன்னேன்: இதைத்தான் எண்ட்கேம் என்கிறார்கள், இதுவரை நாங்கள் செய்ததெல்லாம் பழகியதுதான், உண்மையான விளையாட்டு இனித்தான்.

உன் முகத்தை நீயே பார்த்திருக்க வேண்டும்.

"அப்ப நான் வட்டலப்பம் செஞ்சது எதுக்குடி?" என்றாய். பிறகு நீயே சிரித்தாய். "நிக்காஹ் முடிஞ்சி, சோறு தின்ன சனமும் போயிட்டு. இனித்தான் சட்டி கழுவணும். அப்பிடித்தானே?"

அப்படித்தான். ஆனால் சட்டி எங்களைக் கழுவியது. கதவுக்குள் போன உடனே செத்தோம். எதிரி ஒருமுறை நெருப்பை ஊதினால் நீ சாம்பல், அவன் திரும்பி ஊதினால் நான் சாம்பல். அடிக்கும் பலம் மட்டும் போதாது, நெருப்புக்கும் குளிருக்கும் மின்னலுக்கும் தனித்தனியாகத் தடுப்புச் சேர்க்க வேண்டும் என்று தலையால் தண்ணீர் குடித்துச் சொன்னேன். நீ இன்னும் பெரிய கோடரி தேடினாய். "அவன நான் முதல்ல சாகடிச்சா, அவன் எப்பிடி நெருப்பு ஊதுவான்?" என்று கேட்டாய். அதற்குப் பதிலை உன்னைச் சாம்பலாக்கிய எதிரியே சொன்னான்.

பிறகு உன் பெட்டி. எதிரிகள் சாகும்போது வாள், செருப்பு, மோதிரம் என்று ஏதாவது விழும். எல்லோரும் நல்லதைப் பொறுக்கிக்கொண்டு மற்றதை விட்டுவிட்டு ஓடுவார்கள். நீ கிழிந்த செருப்பையும் குனிந்து எடுப்பாய். வலையில் வந்த ஒரு நெத்தலியைக்கூட மணலில் விட்டுவிட்டுப் போகாத வீட்டில் பிறந்தவள். "அல்லாஹ் தந்த நிஃமத்தக் கால்ல மிதிச்சிட்டுப் போறதா?" என்று கேட்பாய். "அது நிஃமத்து இல்ல, குப்பை" என்பேன். "குப்பையெண்டா அது ஏன் மின்னுது?" என்பாய். உன் பெட்டி நிரம்பி, உனக்காக என் பெட்டியும் நிரம்பியது.

ஒருநாள் நான் கோபத்தில் அந்தக் குப்பையைக் கிளறிக்கொண்டு போனபோது, அடியில் ஒரு மங்கின மோதிரம் கிடைத்தது. உனக்குக் குறைவாக இருந்த நெருப்புத் தடுப்பு அப்படியே அதில் இருந்தது. அதைப் போட்டுக்கொண்டு கதவுக்குள் போனாய். எதிரி ஊதினான். நீ சாகவில்லை. தென்னைக்குக் கீழே நாங்கள் இருவரும் எழும்பி நின்று கத்தியதில் உன் கோழிகள் மதில் ஏறின. தடுப்பு வேண்டும் என்று நான் சொன்னது சரி என்று நீ ஒப்புக்கொண்டாய். குப்பை வேண்டும் என்று நீ சொன்னது சரி என்று என்னையும் ஒப்புக்கொள்ள வைத்தாய். வருகிறவர் போகிறவரிடமெல்லாம் அந்த மோதிரக் கதையைச் சொல்லி என் மானத்தை வாங்கினாய்.

எண்ட்கேம் உனக்கு விளங்கியது கேமில் அல்ல. சோளகம் விட்டு, கடல் அடங்கி, வலை இறங்கிய முதல் காலை. இரண்டு பக்கமும் வரிசையாக நின்று கயிறு இழுத்துக்கொண்டிருந்தார்கள். நாங்கள் பிளாஸ்கில் தேத்தண்ணீர் கொண்டு போயிருந்தோம். நீ ஒரு கரண்டியால் சீனியைக் கலக்கிக்கொண்டே சொன்னாய்:

"வாப்பா போன வருஷமும் இந்தக் கடல்லதான் வலை போட்டாரு. இந்த வருஷமும் போடுறாரு. கடல் எப்ப முடியும் எண்டு ஒருத்தரும் கேக்கல்லியே மச்சி. எந்தப் பக்கம் மீன் கூட்டம் கறுப்பாத் தெரியுது எண்டுதான் பாக்கிறாங்க."

அன்றிலிருந்து எல்லாக் கதவுகளுக்குள்ளும் விழுந்தடித்துக்கொண்டு ஓடுவதை நிறுத்தினோம். எங்கள் பலத்துக்கு எந்தக் கதவு, எதில் நல்ல பொருள் விழும், எதை விட்டுவிட வேண்டும் என்று பார்த்துப் போனோம். எப்போது முடியும் என்ற கேள்வி போனதும் விளையாட்டு இனித்தது.

கதவுகளின் கடைசியில் பனி ராசா இருந்தான். ஐஸ் என்றால் மீன் பெட்டிக்குள் மட்டும் பார்த்த எங்களுக்கு அவன்மேல் முதலில் மரியாதையே வரவில்லை. "ஐஸ் பெட்டிக்கு இவ்வளவு கோவமா?" என்றாய். ஆனால் அவன் தலையில் இருந்த நீலக் கிரீடத்தில் உன் கண் விழுந்துவிட்டது. அதை ஒருநாள் போட்டுக்கொண்டு கேமின் சந்தை முழுக்க நடக்க வேண்டும் என்று ஆசைப்பட்டாய். அவனை இரண்டு பேரால் வெல்ல முடியாது. அப்படித்தான் நீ ஒரு குழு தொடங்கி, அதற்குக் கரைவலை என்று பெயர் வைத்தாய்.

அந்தக் குழுவின் சட்டம் உன் வாப்பாவின் கரையிலிருந்து வந்தது. கரைவலை இழுக்கும்போது வழியால் போகிறவன் வந்து கடைசி நேரத்தில் கயிற்றைப் பிடித்தாலும் கறிக்கு மீன் கொடுத்துத்தான் அனுப்புவார்கள். மற்றக் குழுக்களில் கிடைத்ததை முந்தியவன் அள்ளுவான். சிலாபத்துப் பேக்கரிக்காரர் ஒருவர் ஒரு சண்டை முடியும் தறுவாயில் எங்களோடு வந்து சேர்ந்தார். வென்றதும் அவருக்கும் சமமாகப் பிரித்துக் கொடுத்தாய். அவர் சிங்களம் கலந்து எழுதிக் கேட்டார்:

"அக்கே, நான் கடைசியிலதானே வந்தது?"

"கயித்தில கை வெச்சீங்களா? அப்ப பங்கு இரிக்கி."

எந்தக் கயிறு என்று மனிதருக்கு விளங்கவில்லை. ஆனாலும் அடுத்த நாள் பாண் சுடும் போறணையை மூடிய கையோடு வந்துவிட்டார். பிறகு போகவே இல்லை. கட்டாரில் லொறி ஓட்டும் வண்ணாத்திவில்லுக்காரர் வந்து சேர்ந்ததும் இப்படித்தான். அவருக்குக் காய்ச்சல் வந்து சில நாட்கள் வராதபோது, குழுவின் பொதுப் பெட்டியில் ஒரு மூலையை ஒதுக்கி அவர் பெயரை எழுதி, ஒவ்வொரு சண்டைக்கும் அவர் பங்கை அதில் போட்டாய். "காய்ச்சல்ல கெடக்கிறவனுக்கும் பங்கு இரிக்கி. வாப்பாட வலையில அதுதான் முறை" என்றாய். சுகமாகி வந்து மூலையைப் பார்த்தவர் அன்றே சண்டைக்கு இறங்கிவிட்டார்.

பனி ராசாவிடம் எத்தனை தடவை தோற்றோம்! ஒருமுறை அவனுக்கு ஒரு மூச்சுத்தான் பாக்கி. அன்று பார்த்துத் தலவில வேதக்கோயில் திருவிழா. வந்த சனமெல்லாம் ஒரே நேரத்தில் போனைக் கையில் எடுத்துவிட்டது. நம் பக்கத்துச் சிக்னல் படுத்துவிட்டது. திரை உறைந்து நின்றது, திரும்பி அசைந்தபோது நான்கு பேரும் செத்துக் கிடந்தோம். நீ வானத்தைப் பார்த்து, "சரி, அவங்கட பெருநாள், அவங்க கதைக்கட்டும்" என்று சொல்லிவிட்டுப் பவுடரைத் துடைத்துக்கொண்டு சோறு வடிக்கப் போனாய். உன்னைப் போல் தோற்க எனக்கு இன்னும் வராது.

பிறகு உன் நோய். அதைப் பற்றி அதிகம் எழுத மாட்டேன், உனக்கும் பிடிக்காது. ஆஸ்பத்திரியில் பின்னேரம் பார்க்க வரும் நேரத்தில் நான் உன் கட்டில் ஓரமாக உட்கார்ந்தேன். நீ போனைக் கேட்டாய். பக்கத்துக் கட்டிலைப் பார்க்க வந்தவளின் கையில் குழந்தை இருந்தது, பையில் பவுடர் இருந்தது. வெட்கமில்லாமல் கேட்டு வாங்கித் தடவிக்கொண்டாய். ஒரு கையில் ஊசி ஏற்றியிருந்ததால் நீ கோடரியை வீசவில்லை. முன்னால் நின்று அடி வாங்கிக்கொண்டு எங்களைக் காத்தாய். பனி ராசா விழுந்தான். நீ போட்ட சத்தத்துக்கு நர்ஸ் ஓடி வந்தா. "ஒண்டுமில்ல மிஸ், ராசா மவுத்தாயிட்டான்" என்றாய். அவ உன் காய்ச்சலைப் பார்த்துவிட்டுத்தான் போனா.

கிரீடம் விழுந்தது. ஒரு பொருளை நாலாகப் பிரிக்க முடியாது, ஆகவே உன் முறைப்படி சீட்டுக் குலுக்கினோம். சீட்டு பேக்கரிக்காரருக்கு விழுந்தது. எனக்கு அழுகை வந்துவிட்டது. அவருக்கு எழுதி, உனக்கு விட்டுத்தரும்படி கேட்கப்போனேன். நீ என் கையைத் தட்டிவிட்டாய்.

"பங்கு பங்குதான் மச்சி. ஒரு ஆளுக்கு மாத்தினா வலை கிழிஞ்சிரும். அவருக்கும் தலை இரிக்கிதானே?"

நோன்புக்கு முன்னே நீ போய்விட்டாய். உன்னை நினைத்தால் எனக்கு அழுகையைவிடச் சிரிப்புத்தான் முந்தி வருகிறது. மரணவீட்டில் வாயைப் பொத்திக்கொண்டு இருந்தது அழுகைக்காக மட்டும் இல்லை, வட்டலப்பம் ஞாபகம் வந்ததாலும்தான்.

இவ்வளவும் எழுதியபின் வெட்கமாக இருந்தது. உனக்கு இத்தனை கதை சொல்கிறேன், ஒரு கேமைத் திறக்கப் பயப்படுகிறேன். எழும்பிப் போய்த் தேத்தண்ணீர் குடித்துவிட்டு வந்து திறந்தேன்.

குழு இருக்கிறது, மச்சி. பொதுப் பெட்டியைத் திறந்தேன். ஒரு மூலையில் உன் பெயர். மூலை நிரம்பி அடுத்த பக்கத்துக்குப் போயிருந்தது. நான் வராத நாளெல்லாம் அவர்கள் உன் பங்கைப் போட்டுக்கொண்டே இருந்திருக்கிறார்கள். எல்லாவற்றுக்கும் மேலே நீலக் கிரீடம்.

நான் வந்ததைப் பேக்கரிக்காரர் கண்டுவிட்டார்.

"அக்கே, வந்தாச்சா?"

"அவ இல்லயெண்டு ஒங்களுக்குத் தெரியும்தானே?"

"தெரியும் அக்கே. ஆனா பங்கை நிப்பாட்டச் சொல்லி அவ சொல்லயில்லயே."

தையல் மெஷினில் தலையை வைத்து அழுதேன். அந்த மணப்பெண்ணின் பிளவுஸ் கொஞ்சம் நனைந்துவிட்டது, காய்ந்துவிடும்.

புதுச் சீசனில் எல்லோரும் வெறுங்கையோடுதான் தொடங்க வேண்டும். பழைய பொருள் எதையும் கொண்டுபோக முடியாது. அதனால் கிரீடத்தை உன் மூலையிலேயே விட்டுவிட்டு, பெருவிரல்களில் பவுடரைத் தடவிக்கொண்டு, கேம் தந்த ஒரு கிழிந்த செருப்போடும் ஓட்டை வில்லோடும் நான் இறங்கினேன், பேக்கரிக்காரரும் கூட வந்தார். அந்தச் செருப்பை எறியவில்லை. முதல் சண்டை முடியும் நேரத்தில் எங்கிருந்தோ முன்பின் தெரியாத ஒரு ஆள் ஓடிவந்து ஒரே ஒரு அடி அடித்தார். எதிரியிடமிருந்து விழுந்த பொருளைப் பிரித்து நான் அவருக்கும் கொடுத்தேன்.

"நான் கடைசியிலதானே வந்தேன்?" என்று எழுதினார்.

"கயித்தில கை வெச்சீங்கதானே? அப்ப பங்கு இரிக்கி" என்று எழுதினேன்.

எந்தக் கயிறு என்று கேட்டார். நான் பதில் எழுதுவதற்குள் சிலாபத்திலிருந்து பேக்கரிக்காரர் எழுதிவிட்டார்:

"இருங்க, நாளைக்கும் வாங்க. அக்கா சொல்லுவா."