சிவந்த கொழுந்தின் மறுவிசாரணை

என் பசிக்கு முதலில் சோறு போட்டுவிட்டுத் தன் தட்டை எடுத்த சுப்பையா அண்ணனுக்கு,

உங்களை வேலையை விட்டு நிறுத்திய மனிதர் போன மாதம் கண்டியில் என் தேயிலைக் கடைக்கு வந்தார். தேயிலை வாங்கச் சொல்லிக் கேட்டு வந்தார். நான் யாரென்று அவருக்குத் தெரியவில்லை.

மணிக்கூட்டு ஐயாதான் அண்ணே. கையில் மணிக்கூட்டை வைத்துக்கொண்டு ஆள் பின்னால் ஆளாக நேரம் பார்த்தாரே, அவரேதான். இப்போது தெல்தோட்டைத் தொழிற்சாலை, அதான் நம் ஸ்டோர், முழுவதற்கும் அவர்தான் பெரியவர். தலை நரைத்துவிட்டது, குரல் மட்டும் அப்படியே இருக்கிறது. அவர்களுடைய தேயிலை ஏலத்தில் விலை போகவில்லையாம். ஒரு வருடத்துக்கு நிலையாக வாங்க ஆள் கிடைக்காவிட்டால் கதவை மூட வேண்டியதுதானாம்.

நான் பால் கலக்காமல் ஒரு பிளேன்டீ வரவழைத்தேன். குடித்தார்.

"எப்படிங்க ஐயா?"

"கொஞ்சம் மந்தமா இருக்கு. எந்தத் தோட்டத்துத் தூள்?"

"ஒங்களோடதுதாங்க."

அவர் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். அன்று எனக்குச் சோறு இரண்டு பிடி கூடவே இறங்கியது. பொய் சொல்லமாட்டேன்.

அந்த நாளை நான் எப்படி மறப்பேன்? செலவைக் குறைக்கும் திட்டம் என்று சொல்லி முதலில் மூன்றாவது லொறியை நிறுத்தினார். பிறகு சாக்குகளைக் குறைத்தார். இருந்த சாக்குக்குள் எல்லாக் கொழுந்தையும் அடைக்க, பெண்கள் அதன்மேல் ஏறி மிதித்தார்கள். மிதிபட்ட கொழுந்து வெயிலில் லொறிக்குக் காத்துக் கிடந்து, சூடேறிச் சிவந்து, நீங்கள் வேலை பார்த்த கொழுந்து வாட்டும் மேல்மாடிக்கு வந்தது. வாட்டுவதற்காக நீங்கள் சாக்கை அவிழ்த்துக் கொட்டும்போதுதான் சிவப்பு கண்ணில் படும்.

தேயிலை கெட்டதும் அவரே ஆய்வுக்கும் வந்தார். பகுதிக்கு ஒரு தாள். உங்கள் பகுதியில் கண்ட குறைகளை எழுதுங்கள் என்றார். மலையில் ஒன்றும் எழுதவில்லை, லொறியில் ஒன்றும் எழுதவில்லை, தூளைக் காயவைக்கும் அறையும் வெறும் தாளையே கொடுத்தது. நீங்கள் மட்டும் நாள் தவறாமல், எந்த மலைக் கொழுந்து, எத்தனை சாக்கு சிவப்பு என்று எழுதினீர்கள். உங்கள் தாள் நிரம்பி வழிந்தது. கூட்டிப் பார்த்தார். குறை அதிகமுள்ள பகுதி மேல்மாடி என்று அறிக்கை எழுதினார். வெறும் தாள் கொடுத்தவர்களுக்குப் பாராட்டு, உங்களுக்கு வெளியே போகும் வழி.

குறை எங்கே தெரிகிறது என்று பார்த்தாரே ஒழிய, எங்கே பிறக்கிறது என்று பார்க்கவில்லை. கண்ணாடியில் அழுக்கு முகம் தெரிந்தால் கண்ணாடியை உடைக்கிற புத்தி. நீங்களும் அந்தத் தாளை வெறுமையாகவே விட்டிருந்தால் இன்றைக்கு எங்களோடு இருந்திருப்பீர்களா?

கண்டிச் சந்தையில் மூட்டை தூக்கி, மூன்றாவது மழைக்காலத்தில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தீர்கள், பிறகு எழவே இல்லை. அன்றைக்கே மனதில் குறித்துவைத்தேன் அண்ணே, இந்த ஆளை.

வாங்குகிறேன், ஆனால் முதலில் நானே ஆய்வு செய்வேன் என்று அவரிடம் சொன்னேன். சம்மதித்தார். மறுவாரம் போனேன். அலுவலகத்தில் கதிரை போட்டு வைத்திருந்தார்கள். நான் உட்காரவில்லை. கொழுந்தோடு நடக்கப் போகிறேன், நீங்களும் வாங்க என்று அவரை மலைக்கு இழுத்துக்கொண்டு போனேன். பறிக்கிற இடத்திலிருந்து நிறுவை, நிறுவையிலிருந்து சாக்கு, சாக்கிலிருந்து ரோட்டோரம். அங்கே கொழுந்து கிடந்தது. கிடந்துகொண்டே இருந்தது. இத்தனை வருடமாகியும் அதே இரண்டு லொறிதான்.

"அந்தச் சாக்குக்குள்ள கைய விடுங்க ஐயா. முழங்கை வரைக்கும்."

விட்டவர் உடனே உருவிக்கொண்டார். சாக்கின்மேல் நின்ற ராசம்மா என்கிற அம்மா சிரித்தார். "என்னாங்க ஐயா, கொதிக்கிற சோத்துப்பானையில விட்ட மாதிரி இழுக்கிறீங்க? நாங்க தெனமும் மிதிக்கிறோம்ல!"

"மிதிக்கச் சொன்னது யார்?" என்று அதட்டினார்.

"மிதிக்காம? மிச்சத்த முந்தானையிலயா கட்டிக்கிட்டு வர்றது? சாக்கக் கொறச்சது யாருங்க?"

அப்போதுதான் நான் யாருடைய தம்பி என்று சொன்னேன்.

"அப்ப கிடைச்ச தகவலை வச்சுத்தானே முடிவு எடுத்தேன்" என்றார்.

"தகவல் குடுத்தது அவரு ஒருத்தருதாங்க ஐயா. அதனாலதான் அவரு மாட்டுனாரு."

வாங்கமாட்டேன், நாசமாகப் போ என்று சொல்லிவிட்டு வருவதுதான் என் திட்டம். அதற்காகத்தான் மலையேறினேன். ஆனால் பதிலைப் பிறகு சொல்கிறேன் என்று இறங்கி வந்தேன். வீட்டில் நடந்ததைச் சொன்னதும் மதினி அரிசி களைவதை நிறுத்திவிட்டு என்னை ஒரு பார்வை பார்த்தார்.

"ஸ்டோர மூடுனா அந்தாளு வேற கதிரையில போயி ஒக்காருவான் தம்பி. ராசம்மா எங்க போவா?"

"அப்ப அந்தாள சும்மா விடச் சொல்றீங்களா மதினி?"

"சும்மா விடச் சொன்னேனா? ஒங்க அண்ணன எங்க வச்சு அசிங்கப்படுத்துனான்?"

பெரட்டுக் களத்தில். விடியற்காலையில் ஆள் பிரிக்கும் இடத்தில், எல்லாருக்கும் முன்னால்தான் உங்களை வேலையை விட்டு நிறுத்தினார். மதினி சொன்ன பிறகுதான் எனக்கு வழி தெரிந்தது.

மணிக்கூட்டு ஐயா மறுபடி கடைக்கு வந்தார். மன்னிப்புக் கடிதம் எழுதிக் கோப்பில் வைக்கிறேன் என்றார். கோப்பை யார் படிப்பார்கள்? நான் மறுத்தேன். விலையைக் குறைத்துத் தருகிறேன் என்று இறங்கி வந்தார். அதுவும் வேண்டாமென்றேன். குறைத்து வாங்கினால், அண்ணன் பேரைச் சொல்லி லாபம் பார்த்தான் என்று ஊர் பேசும். எனக்கு இந்த ஆளிடம் லாபம் வேண்டாம். அவர் குனிய வேண்டும். அவ்வளவுதான்.

ஒன்றை மறைக்காமல் சொல்கிறேன். என் பொதி கட்டும் அறையிலும் குறை சொல்ல வந்தவனைத் திட்டி, வாய்மூடி இருந்தவனைத் தட்டிக்கொடுத்தவன்தான் நான். மலையிலிருந்து இறங்கிய மறுநாள் அதை நிறுத்தினேன். இப்போது முதலில் குறை சொல்கிறவனுக்குத்தான் முதல் தேத்தண்ணீர். அதில் பாதி முறைப்பாடு என்னைப் பற்றியதுதான். கேட்டுக்கொள்கிறேன்.

அந்த ஆளை நான் மன்னிக்கவில்லை அண்ணே. மன்னிக்கவும் மாட்டேன். நான் இருக்கும்வரை மாதம் ஒருமுறை அந்த மலையேறி, கொழுந்தோடு நடந்து, சாக்குக்குள் கையை விடுவேன். இது நான் உங்களுக்குத் தரும் வாக்கு.

இன்று கையெழுத்தானது இதுதான். ஒரு வருடத்துக்கு அவர்களுடைய தேயிலை எனக்கு. விலை அந்தந்த வார ஏல விலை, ஒரு சதம்கூட ஏறாது, இறங்காது. மூன்றாவது லொறி திரும்ப ஓடும். நிறுத்திய சாக்குகள் எல்லாம் திரும்ப வரும். ஒரு சாக்கு மிதிபட்டு வந்தாலும் ஒப்பந்தம் அன்றோடு முறியும். வருகிற வெள்ளிக்கிழமை காலைப் பெரட்டில் உங்கள் முழுப்பெயரையும் சொல்லி, தான் எழுதிய அறிக்கை பிழை என்று அவரே தன் வாயால் வாசிப்பார். மதினி கதிரையில் உட்கார்ந்து கேட்பார். அவர் நின்றபடி வாசிப்பார்.

உங்கள் கைச்சோற்றில் வளர்ந்த தம்பி,
நடேசன்