வழக்கில் கன்னியம்மாள் பெயர்

14.7.2003, திங்கள்

ஷிப்ட் முடிந்து கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்கி வந்தபோது பக்கத்து வீட்டுக் கன்னியம்மாள் வாசலில் காத்திருந்தாள். விதவை உதவித்தொகை மாதக்கணக்கில் வராததற்காக நான் போடவிருக்கும் பொதுநல வழக்கில் கையெழுத்துப் போட, எங்கள் பென்னலூரில் துணிந்து வந்தவள் அவள் ஒருத்திதான்.

"தம்பி, என் பேர எடுத்துடு," என்றாள்.

"ஏன்க்கா, இன்னா ஆச்சு?"

"தாலுக்கா ஆபீஸ் ஆளு வூட்டாண்ட வந்தான். கோர்ட்டுக்குப் போனா ரேஷன் கார்டு இருக்காதுன்றான். அரிசியும் போச்சுன்னா புள்ளைங்களுக்கு இன்னாத்த ஆக்கிப் போடுவேன்?"

அப்படியெல்லாம் கார்டைப் பறிக்க முடியாது என்றேன். சொல்லும்போது எனக்கே நம்பிக்கையில்லை. பெயரை எடுத்துவிடுவதாக ஒப்புக்கொண்டேன்.

போகும்போது திரும்பிப் பார்த்து, "கேஸ மட்டும் வுட்டுடாத," என்றாள்.

வக்கீலுக்குப் போன் செய்தேன். பணம் கிடைக்காத ஒருவராவது கையெழுத்துப் போடாவிட்டால் மனு நிற்காது, நாளைக்குள் வேறு ஆள் பாருங்கள் என்றார்.

என் அக்காவும் கணவரை இழந்தவள்தான். அவளுக்கும் பணம் வரவில்லை. இரண்டு பிள்ளைகளுடன் என் வீட்டில்தான் இருக்கிறாள். கேட்டால் மறுபேச்சில்லாமல் கையெழுத்துப் போட்டுவிடுவாள். அதனால்தான் கேட்க வாய் வரவில்லை.